பூசணம் பிடித்த 41 கேசட்டும் பினாங்கில் ஒரு மாடிக் கடையும்

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன், அப்புறம் கதை. பழைய மினிடிவி, ஹை-எய்ட், வி.எச்.எஸ். கேசட்டுகளைக் கணினிக் கோப்பாக மாற்றித் தருகிற கடை ஒன்று ஜார்ஜ் டவுனில் இருக்கிறது. கொம்தார் கட்டடத்திலிருந்து நடக்கிற தூரம்தான். டத்தோ கெராமாட் சாலையிலிருந்து உள்ளே போகும் ஒரு சந்து, கீழே கடிகாரம் ரிப்பேர் செய்கிற கடை, அதன் பக்கவாட்டில் ஒடுக்கமான மரப்படி, ஏறிப்போனால் இவர்கள். பெயர்ப் பலகை கிடையாது. என்னுடைய 41 கேசட்டை அங்கே கொடுத்து 39-ஐ உயிரோடு திரும்ப வாங்கியிருக்கிறேன். தொழிலாளர் போராட்டம், தோட்டத்து வாழ்க்கை, சங்கக் கூட்டம் என்று எதையாவது ஒரு காலத்தில் படம் பிடித்து வைத்திருப்பவர்கள் யாராக இருந்தாலும் அங்கே போங்கள், முடிந்தால் இந்த மாதமே போங்கள். குறைகளும் இருக்கின்றன, அதையும் எழுதுகிறேன்.

நான் 2001-இலிருந்து ஆவணப்படம் எடுக்கிறேன். கல்யாண வீடியோ எடுத்துச் சம்பாதித்து, அந்தக் காசில் தோட்டம் தோட்டமாகப் போவேன். பால்மரத்தை, அதாவது ரப்பர் மரத்தை, சாய்த்துவிட்டு வீடமைப்புத் திட்டம் வரப்போகிறது என்று நோட்டீஸ் ஒட்டிய இடங்கள், மூன்று தலைமுறை இருந்த லயத்தை (தோட்டத்து வரிசை வீட்டை) விட்டுக் கிளம்பச் சொன்ன பிறகு வாசலிலேயே உட்கார்ந்திருந்த பெரியவர்கள், ஆஸ்பத்திரியிலும் பள்ளிக்கூடத்திலும் கூட்டித் துடைக்கிற ஒப்பந்தத் தொழிலாளர்கள், பாயான் லெப்பாஸில் இரவு ஷிப்ட் முடிந்து பஸ் கண்ணாடியில் தலைசாய்த்துத் தூங்கும் பெண்கள், இப்படித்தான் என் கேசட்டுகள். பாயான் லெப்பாஸ் தொழிற்பேட்டை 1972-இல் வந்தது, ஆனால் அங்கே இருந்த மின்னணுத் தொழிலாளர்களுக்கு வட்டார அளவில் சங்கம் வைக்கலாம் என்று அரசு ஒப்புக்கொண்டது 2009-இல்தான். அதே 2009-இல்தான் இந்தத் தீவில் கம்போங் புவா பாலா கிராமத்தை இடித்தார்கள். மாட்டுக் கொட்டகையும் சாமி மேடையும் இருந்த ஊரின் கடைசிச் சில வாரங்கள் என்னிடம் ஆறு கேசட்டாக இருந்தன.

குறைந்தபட்சச் சம்பளம் என்பதே இந்த நாட்டில் 2013 ஜனவரியில்தான் நடைமுறைக்கு வந்தது, தீபகற்பத்தில் 900 வெள்ளி (ரிங்கிட்). இப்போது அது 1,700. அந்த 900-க்கு முன்னால் எத்தனை கூட்டம், எத்தனை மகஜர், மழையில் நனைந்து எழுத்து கரைந்த எத்தனை மணிலா அட்டை என்பதை இன்றைக்கு வேலைக்குப் போகிற பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டுமென்றால் இந்த மாதிரிக் கேசட்டுகள்தான் இருக்கின்றன. பத்திரிகையில் தலைவர் பேசியது வரும். பின்வரிசையில் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த அம்மா என்ன கேட்டார் என்பது கேசட்டில் மட்டும்தான் இருக்கும்.

சரி, இவ்வளவு தெரிந்தும் ஏன் இத்தனை நாள் மாற்றாமல் வைத்திருந்தேன் என்று கேட்பீர்கள். மாற்றினேன். முதலில் கோலாலம்பூரில் ஒரு கடையில் கொடுத்தேன், பெயர் வேண்டாம். கேசட்டுக்கு 12 வெள்ளி, இரண்டு நாளில் கையில் கிடைக்கும் என்றார்கள். ஒன்பது கேசட் கொடுத்தேன். வந்ததைப் பார்த்து ஒரு வாரம் என்னால் வேலை செய்ய முடியவில்லை.

அங்கே நடந்த தவறு பலருக்கும் நடக்கக்கூடியது என்பதால் கொஞ்சம் விளக்கமாகச் சொல்கிறேன். மினிடிவி கேசட்டில் இருப்பது ஏற்கெனவே டிஜிட்டல் பதிவு. அதை ஃபயர்வயர் கேபிள் போட்டு அப்படியே, ஒரு எண்கூட மாறாமல், கணினிக்குள் இறக்க முடியும். ஒரு மணி நேரக் கேசட்டுக்கு ஏறக்குறைய 13 கிகாபைட் வரும். ஒரு மணி நேரம் ஓட்டினால்தான் ஒரு மணி நேரம் இறங்கும், குறுக்கு வழி கிடையாது. அந்தக் கடையில் மஞ்சள், சிவப்பு, வெள்ளை கேபிளைச் சொருகி, டிவியில் பார்ப்பது போல ஓடவிட்டு, அதைச் சின்ன எம்பி4 கோப்பாகப் பிடித்திருக்கிறார்கள். படம் மங்கல். மூலையில் அவர்கள் கடை முத்திரை. இதைக்கூட ஒருவிதமாகப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாதது ஒலி.

நான் அப்போது சோனி பிடி150 கேமராவில்தான் எடுத்தேன். அதில் ஒலிக்கு இரண்டு சேனல். ஒன்றில் பேசுகிறவர் சட்டையில் குத்திய சின்ன மைக், இன்னொன்றில் கேமரா மேலே இருக்கிற மைக். முதல் சேனலில் தொழிலாளியின் குரல் மட்டும் சுத்தமாக இருக்கும், இரண்டாவதில் என் கேள்வி, கோழி, மோட்டார், கோயில் மணி, பக்கத்து வீட்டு ரேடியோ எல்லாம் இருக்கும். எடிட் செய்யும்போது எது வேண்டுமோ அதை எடுத்துக்கொள்ளலாம் என்பதற்காகத்தான் அப்படிப் பிரித்துப் பதிவு செய்வது. அவர்கள் இரண்டையும் கலந்து ஒன்றாக்கிவிட்டார்கள். புல்வெட்டும் மெஷின் ஓடிய ஒரு பேட்டியில் அந்த அம்மா வாய் அசைவது தெரிகிறது, பேச்சு கேட்கவில்லை. இதற்கு மேல், 'பேச்சில்லாத இடங்களை எடுத்துவிட்டோம், உங்களுக்கு இடம் மிச்சம்' என்று பில்லில் எழுதியும் கொடுத்தார்கள்.

இன்னொன்றும் போனது: தேதி. மினிடிவி கேசட்டில் ஒவ்வொரு பிரேமோடும் பதிவான நாளும் நேரமும் உள்ளே இருக்கும். திரையில் தெரியாது, ஆனால் இருக்கும். நோட்டீஸ் கொடுத்ததாக நிர்வாகம் சொல்கிற நாளும், உண்மையில் அது லயத்து வாசலுக்கு வந்த நாளும் வேறு வேறாக இருந்த சம்பவத்தை நானே பார்த்திருக்கிறேன். அப்போது அந்தத் தேதி ஒரு குடும்பத்துக்கு எவ்வளவு பெரிய ஆதாரம் என்று நினைத்துப் பாருங்கள். மஞ்சள் கேபிள் வழியாக அது வராது.

நல்லவேளை, கேசட்டுகளைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். அவற்றையும் மற்றவற்றையும் சேர்த்து மைலோ டின்னில் போட்டு மூடி வைத்தேன். மூடி வைத்தால் போதும் என்று நினைத்தது தப்பு. பினாங்குக் காற்றில் இருக்கிற ஈரத்துக்குத் தோல் பையிலும் புத்தக அட்டையிலும் வெள்ளை பூக்கிறது, கேசட்டை மட்டும் விடுமா? போன ஆண்டு தீபாவளிக்கு அலமாரி துடைக்கும்போது டின்னைத் திறந்தேன், கேசட் ஜன்னல் வழியாகப் பார்த்தால் நாடாவின் ஓரத்தில் கோலப்பொடி தூவியது போல வெள்ளை வெள்ளையாக இருந்தது. 12 கேசட்டில் பூசணம்.

அப்போதுதான் எங்கள் துறையில் இருக்கிற ஒரு அண்ணன் இந்த மாடிக் கடையைச் சொன்னார்.

கடைக்காரர் எழுபதைத் தாண்டிய சீனப் பெரியவர். டிவியும் வீடியோ மெஷினும் ரிப்பேர் செய்தே காலம் தள்ளியவர். அங்கிள் என்றுதான் எல்லாரும் கூப்பிடுகிறார்கள். உதவிக்கு ஒரு தமிழ்ப் பெண், இருபத்தைந்து வயது இருக்கும். சுவர் முழுக்க மெஷின்கள், பாதி உயிரோடு, பாதி உதிரி பாகத்துக்காக. வீடியோ மெஷின் செய்துகொண்டிருந்த கடைசி ஜப்பான் நிறுவனமும் 2016-இல் நிறுத்திவிட்டது, அதனால் உடைந்ததிலிருந்து கழற்றித்தான் ஓடுகிறதை ஓட்ட வேண்டும் என்று அங்கிள் சொன்னார். ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலி ஆவணக் காப்பகம் 2015-லேயே காந்த நாடாக்களுக்கு 2025-ஐக் கெடுவாக வைத்து எச்சரித்திருந்தது. நாடா கெடுவது ஒரு பக்கம், ஓட்ட மெஷினும் அதைத் தெரிந்த ஆளும் இல்லாமல் போவது இன்னொரு பக்கம். இந்த மாடியில் அந்த இரண்டாவது ஆபத்தைக் கண்ணால் பார்க்கலாம். அங்கிளுக்கு அடுத்து இந்த வேலை தெரிந்தவர் அந்தப் பெண் ஒருத்திதான்.

நான் டின்னைத் திறந்து நீட்டியதும் அங்கிள் கையில் வாங்கவில்லை. மேசையில் ஒரு வெள்ளைத் துணி விரித்து, "அதுல வையுங்க" என்று மலாயில் சொன்னார். பூசணம் பிடித்ததையும் பிடிக்காததையும் கலக்கக் கூடாதாம். ஒவ்வொன்றாக விளக்குக்கு அடியில் பிடித்துப் பார்த்துத் தனித்தனிப் பைகளில் போட்டு எண் ஒட்டினார்கள். "வீட்டில் ஏதாவது ஒன்றைப் போட்டுப் பார்த்தீர்களா?" என்று முதல் கேள்வி. பூசணம் உள்ள நாடாவை ஒரு தடவை மெஷினில் ஓட்டினால் நாடாவைப் படிக்கிற ஹெட்டில் ஒட்டும், அதற்கப்புறம் போடுகிற நல்ல கேசட்டுக்கும் பரவும், நாடா கிழியவும் வாய்ப்பு உண்டு. நான் போட்டுப் பார்க்கவில்லை. நீங்களும் போடாதீர்கள், வெயிலில் காயவைக்காதீர்கள், ஸ்பிரிட் ஊற்றித் துடைக்காதீர்கள், முன்னாலும் பின்னாலும் ஓட்டிப் பார்க்காதீர்கள். பூசணத்தைப் பார்த்த நிலையிலேயே பிளாஸ்டிக் பையில் போட்டுக் கொண்டுபோங்கள்.

சுத்தம் செய்வதை ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்த்தேன். கேசட் கூட்டைப் பிரித்து நாடாவை வேறு கூட்டுக்கு மாற்றுகிறார். நாடாவின் அகலம் கால் அங்குலம், அவ்வளவுதான். அதற்கென்றே ஒதுக்கிய ஒரு பழைய மெஷினில், ஹெட் படாமல், மெதுவாக ஒரு சுருளிலிருந்து இன்னொரு சுருளுக்கு ஓட, வழியில் இரண்டு பக்கமும் பஞ்சு ஒட்டாத துணி. துணியில் சாம்பல் நிறக் கோடு விழுகிறது. கொஞ்சம் ஓடியதும் நிறுத்தித் துணியை நகர்த்தி மறுபடி. அந்தப் பெண் முகமூடி போட்டுக்கொண்டு, பேசாமல், கண்ணை எடுக்காமல் செய்தாள். எங்கள் அம்மா அரிசியில் கல் பொறுக்கும்போது இருக்கிற முகம்.

இரண்டாவது கேள்வி, "எந்த கேமரா?" பிடி150 என்றதும் அங்கிள் தலையாட்டிவிட்டு ஒரு குறிப்பிட்ட மெஷினைக் காட்டினார். அந்தக் கேமராவில் டிவிகேம் என்று ஒரு முறை உண்டு. நாடா ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓடும், 60 நிமிடக் கேசட்டில் 40 நிமிடம்தான் பிடிக்கும், ஆனால் பதிவு உறுதியாக இருக்கும். வீட்டு உபயோக மெஷின் பலவற்றில் அது ஓடாது. இந்தக் கேள்வியைக் கேட்கிற கடையில்தான் கேசட்டைக் கொடுக்க வேண்டும் என்பேன். கம்போங் புவா பாலா ஆறும் வேறு கேமராவில், எச்.டி.வி. என்கிற உயர்துல்லிய முறையில் எடுத்தவை, அது இன்னும் சங்கடம். பழைய மினிடிவி முறையில் ஒரு புள்ளி கெட்டால் படத்தில் சில கட்டங்கள் உடையும், எச்.டி.வி.யில் பன்னிரண்டு பிரேம் சேர்ந்து போகும், அதாவது அரை விநாடி. அரை விநாடியில் ஒரு சொல் போய்விடும். அதனால் அவற்றை இரண்டு தடவை ஓட்டுகிறார்கள். முதல் தடவை படிக்க முடியாத இடம் இரண்டாம் தடவை படிக்க வரலாம், இரண்டிலும் நல்லதை எடுத்துச் சேர்க்கிறார்கள். ஆறில் ஐந்து முழுசாக வந்தன. ஒன்று வரவில்லை. மண்வாரி இயந்திரம் உள்ளே நுழைந்த நாள் அதில் இருந்தது. அங்கிள் நான்கு வாரம் அதோடு போராடிப் பார்த்துவிட்டு, மாற்றுக் கூலி வேண்டாம் என்று கூட்டோடு கையில் கொடுத்தார். அவருக்கும் வருத்தம், எனக்கும் வருத்தம், அதை மூன்று ஆண்டு முன்னால் கொண்டுவந்திருந்தால் வந்திருக்கும் என்று மட்டும் சொன்னார்.

இப்போது ஒரு கேசட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

2002, செபராங் பிறையில் ஒரு தோட்டம். லயத்து முன்னால் பலகை பெஞ்சில் ஒரு தாத்தா. சின்ன வயதில் கிள்ளான் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்தவர், கல்யாணமாகி வடக்கே வந்தவர். 1941-இல் கிள்ளான் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். சீனத் தொழிலாளருக்குக் கொடுக்கிற அளவு சம்பளம் எங்களுக்கும் வேண்டும், பிள்ளைகளுக்குச் சரியான பள்ளிக்கூடம் வேண்டும், கள்ளுக்கடையை மூட வேண்டும், துரையோ கிராணியோ (தோட்ட மேலாளரோ எழுத்தரோ) எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்க வேண்டும் என்கிற வழக்கத்தை ஒழிக்க வேண்டும் என்று கேட்டார்கள். தலைமை தாங்கிய ஆர்.எச். நாதனைப் பிடித்து இந்தியாவுக்கு நாடுகடத்தினார்கள், ராணுவத்தை இறக்கினார்கள், சுட்டதில் ஐந்து தொழிலாளர்கள் செத்தார்கள். தாத்தாவுக்கு அப்போது 12 வயது.

நான் "சைக்கிள விட்டு இறங்கணும்னா எப்படித் தாத்தா?" என்று கேட்கிறேன். அவர் பதில் சொல்லவில்லை. பெஞ்சை விட்டு எழுந்தார். இரண்டு கையையும் முன்னால் நீட்டி ஹேண்டில்பாரைப் பிடித்தது போல வைத்துக்கொண்டார். ஒரு காலைத் தூக்கி இறங்கினார். ஓரமாக ஒதுங்கி, இல்லாத சைக்கிளை இடுப்பில் சாய்த்துப் பிடித்துக்கொண்டு, தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்து, குனிந்து நின்றார். "எங்கப்பா இப்படித்தான் நின்னாரு பாப்பா. பின்னாடி கேரியர்ல நான் உக்காந்திருந்தேன். என்னையும் இறங்குன்னாரு." அதற்கப்புறம் அவர் அப்படியே நிற்கிறார். கிராணி கடந்து போகிற நேரம் அது. 14 விநாடி. பின்னால் ஒரு கோழி குறுக்கே போகிறது, யார் வீட்டிலோ குழாய்த் தண்ணீர் வாளியில் விழுகிறது. அப்புறம் தாத்தா மெதுவாக நிமிர்ந்து, துண்டைக் கட்டிக்கொண்டு, சைக்கிளில் ஏறுகிற மாதிரி காலைத் தூக்கிப் போட்டு வந்து உட்கார்கிறார்.

கோலாலம்பூர்க் கடை வெட்டியெறிந்தது இந்த 14 விநாடியைத்தான். அந்தக் கோப்பில் தாத்தா குனிந்ததும் அடுத்த பிரேமில் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்.

இந்த மாடிக் கடையிலிருந்து கோப்போடு ஒவ்வொரு கேசட்டுக்கும் ஒரு தாள் கொடுக்கிறார்கள். எத்தனையாவது நிமிடத்தில் படம் உடைகிறது, எங்கே ஒலி குறைகிறது, எங்கே பதிவு நின்று மறுபடி தொடங்குகிறது என்று பேனாவால் எழுதிய தாள். இந்தக் கேசட்டின் தாளில், 23-ஆம் நிமிடத்துக்கு நேராக, தமிழில் எழுதியிருந்தது: '14 விநாடி பேச்சு இல்லை. பதிவு சரியாக உள்ளது. ஐயா நிற்கிறார்.' அந்தப் பெண் எழுதியது. ஒலி இல்லையே, நாடாக் கோளாறா என்று சந்தேகம் வந்து இரண்டாவது சேனலைத் தனியாகக் கேட்டிருக்கிறாள், தண்ணீர் சத்தம் கேட்டதும் சரி என்று தெரிந்திருக்கிறது. என்னிடம் கொடுக்கும்போது, "அக்கா, இவரு எதுக்கு அப்படி நிக்கிறாருன்னு முதல்ல எனக்குப் புரியல. திரும்ப முதல்லேருந்து கேட்டேன்" என்றாள். அவளுடைய பாட்டியும் பால்மரம் வெட்டியவர்தான்.

தாத்தா இப்போது இல்லை. அவருடைய பேத்தி பட்டர்வொர்த்தில் துப்புரவு வேலை செய்கிறார், ஒப்பந்தம் ஒவ்வொரு தடவை கைமாறும்போதும் புதிதாகச் சேர்ந்தவர் என்று கணக்கு எழுதி, பழைய ஆண்டுகளை விட்டுவிடுகிறார்கள் என்று போராடிக்கொண்டிருப்பவர். கைத்தொலைபேசியில் போட்டுக் காட்டினேன். முழுக்கப் பார்த்துவிட்டு, "இத எங்க சங்கத்துக் கூட்டத்துல போடலாமா?" என்று கேட்டார். அடுத்த ஞாயிறு போட்டோம், 60 பேர் பார்த்தார்கள்.

சரி, கடைக்கு வருகிறேன். ஆவணப்படம் எடுப்பவர்கள் கேட்க வேண்டிய முக்கியமான கேள்வி இன்னொன்று உண்டு, தரத்தைவிட அதுதான் பெரிது: கேசட்டில் இருக்கிற முகங்களை யார் யார் பார்ப்பார்கள்? வெளியே வந்த படத்தில் முகத்தை மறைத்திருப்போம், குரலை மாற்றியிருப்போம். வெட்டாத கேசட்டில் எல்லாம் அப்படியே இருக்கும். பெர்மிட்டை முதலாளி பிடுங்கி வைத்துக்கொண்ட வங்காளதேசத்துப் பையன், சூப்பர்வைசர் பெயரைச் சொல்லி அழுத நேப்பாளத்துப் பெண், இவர்கள் என்னை நம்பிப் பேசியது. யாராவது ஒருவர் ஒரு துண்டை எடுத்துப் பரப்பினால் அவர்கள் கதி என்ன? நம் நாட்டில் ஆவணப்படம் காட்டுவதே எவ்வளவு கவனமாகச் செய்ய வேண்டிய காரியம் என்பது தெரிந்ததுதான். 2013-இல் கோலாலம்பூரில் இலங்கைப் போர் பற்றிய ஆவணப்படம் ஒன்றைத் திரையிட்டதற்காக, 2002-ஆம் ஆண்டுத் தணிக்கைச் சட்டத்தின் கீழ் ஒரு மனித உரிமைச் செயற்பாட்டாளர் மீது வழக்குப் போட்டு, 2017-இல் 10,000 வெள்ளி அபராதம் விதித்தார்கள்.

நான் அங்கிளிடம் இதை நேராகவே சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டு, என்ன வேண்டும் என்றார். ஒரு தாளில் நானே எழுதினேன்: என் கேசட்டை வேலை தவிர வேறு யாருக்கும் காட்டுவதில்லை, படி எடுப்பதில்லை, என் டிஸ்க்கில் நேராக இறக்குவது, கடைக் கணினியில் தங்கியதை நான் சரிபார்த்த பிறகு என் முன்னாலேயே அழிப்பது. இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டார்கள். வேலை செய்கிற கணினியில் இணைய இணைப்பே இல்லை, அதை நான் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தேன். முகம் காட்டக் கூடாத ஏழு கேசட்டுக்குச் சிவப்பு ஒட்டுச்சீட்டு ஒட்டினோம், அவற்றை அந்தப் பெண் மட்டுமே, திரையைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்து இறக்கினாள். கடைசி நாள் அழித்ததையும் காட்டினார்கள். இந்த ஏற்பாடு விலைப்பட்டியலில் எல்லாம் இருக்காது, நீங்கள் கேட்டால்தான் செய்வார்கள், அதனால் கேளுங்கள்.

இனி குறைகள். முதலில் தாமதம். ஆறு வாரம் என்றார்கள், பதினொரு வாரம் ஆனது. நடுவில் ஒரு மெஷின் படுத்துவிட்டது, பாகம் தேடி அங்கிள் ஈப்போ வரைக்கும் போய்வந்தார். காரணம் நியாயம்தான், ஆனால் அதை அவர்களே கூப்பிட்டுச் சொல்ல வேண்டும், நான் மூன்று தடவை நேரில் போய்த்தான் தெரிந்துகொண்டேன். போன் எடுப்பதே அபூர்வம். கேசட் ஓடும்போது எடுக்க மாட்டோம் என்கிறார்கள், எந்நேரமும் கேசட் ஓடுகிறது. திரையிடலுக்கு நாள் குறித்துவிட்டு அதை நம்பி இங்கே கொடுக்காதீர்கள், முதலில் கோப்பு கைக்கு வரட்டும், அப்புறம் நாள் குறியுங்கள்.

அடுத்து படி. செங்குத்து, குறுகல், விளக்கு மங்கல். பழைய கேசட் வைத்திருப்பவர்கள் பாதிப் பேர் வயதானவர்கள், சங்கத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்கள், முட்டி வலியோடு அந்தப் படி ஏற முடியாது. கீழே கடிகாரக் கடையில் வாங்கி வைத்துக்கொள்ள ஏற்பாடு செய்யுங்கள் என்று அங்கிளிடம் சொல்லியிருக்கிறேன், யோசிக்கிறேன் என்றார். வண்டி நிறுத்த இடமில்லை, மோட்டாரில் போனால் சமாளிக்கலாம். ரொக்கம் மட்டும்.

மூன்றாவது, கோப்பின் பெயர்கள். கேசட் எண்ணை மட்டும் போட்டுக் கொடுக்கிறார்கள். 39 கோப்பு இருந்தால் எது எந்தத் தோட்டம் என்று நீங்கள்தான் உட்கார்ந்து எழுத வேண்டும். கொடுப்பதற்கு முன்னாலேயே கேசட் உறையில் இருக்கிற எழுத்தை ஒவ்வொன்றாகப் போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். எனக்கு அப்படிச் செய்யாமல் விட்டதில் மூன்று நாள் போனது.

விலை: மினிடிவி கேசட் ஒன்றுக்கு 28 வெள்ளி, பூசணம் சுத்தம் செய்ய 15 வெள்ளி கூடுதல். வராமல் போன இரண்டு கேசட்டுக்கு மாற்றுக் கூலி வாங்கவில்லை, சுத்தம் செய்த கூலி மட்டும். மொத்தம் 1,272 வெள்ளி கொடுத்தேன். இது என்னைப் போன்றவர்களுக்குச் சின்னத் தொகை கிடையாது, இரண்டு கல்யாண வேலைக் காசு. ஆனால் 12 வெள்ளிக் கடையில் ஒன்பது கேசட்டுக்குக் கொடுத்த 108 வெள்ளி முழு நஷ்டம். மொத்தமாக முடியாதவர்கள் ஐந்து ஐந்தாகக் கொடுங்கள், அங்கிள் ஒத்துக்கொள்கிறார். எதை முதலில் கொடுப்பது என்று யோசித்தால், யார் இப்போது உயிரோடு இல்லையோ அவர் பேசிய கேசட்டை முதலில் கொடுங்கள். கல்யாண கேசட், பிறந்தநாள் கேசட்டும் எடுக்கிறார்கள், அதற்கும் இதே கவனம்தான், பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு அம்மா தன் மகளின் காதுகுத்துக் கேசட்டை வாங்கிக்கொண்டு அங்கேயே நின்று பார்த்தார்.

போகும்போது சொந்தமாக ஒரு டிஸ்க் கொண்டுபோங்கள், 40 கேசட்டுக்கு ஒரு டெராபைட் தாராளம். வீட்டுக்கு வந்ததும் இன்னொரு டிஸ்க்கில் படி எடுத்து வேறு வீட்டில் வையுங்கள், நான் என் தங்கை வீட்டில் வைத்திருக்கிறேன். கேசட்டைத் தூக்கிப் போடாதீர்கள். காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல் போட்டு, நீல மணி நிறம் மாறியதும் மாற்றிக்கொண்டே இருங்கள்.

திங்கள் முதல் சனி வரை, காலை பதினொன்றிலிருந்து மாலை ஆறு. செவ்வாய்க்கிழமை போனால் கூட்டம் இருக்காது, அங்கிளோடு உட்கார்ந்து பேச நேரம் கிடைக்கும். படி ஏறும்போது இடது பக்கக் கைப்பிடியைப் பிடித்துக்கொள்ளுங்கள், வலது பக்கம் ஆடுகிறது.